சம்பள ஜப்தியும் 24 மாதக் கணக்கும்

“அடுத்தது ஈ.பி. போடணும் முதலாளி” என்று வக்கீல் குமாஸ்தா சொன்னபோது, கடைக்கு மும்முனை மின்சாரம் கேட்டு மனுக் கொடுக்கச் சொல்கிறாரோ என்றுதான் நினைத்தேன். தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றுதானே. அவர் சொன்னது எக்ஸிக்யூஷன் பெட்டிஷன், அதாவது நிறைவேற்று மனு. கோர்ட் தீர்ப்பைக் காகிதத்திலிருந்து பணமாக மாற்றக் கேட்கும் மனு. அந்த வார்த்தையைக் கேட்ட நாளிலிருந்து கடைசி ரூபாய் கைக்கு வர எனக்கு நாலரை வருடம் ஆனது. அதில் நான் தெரிந்துகொண்டதையும், தெரியாமல் போய் முட்டிக்கொண்டதையும் எழுதுகிறேன்.

எனக்கு டெல்டாப் பக்கத்து ஊர் ஒன்றில் சிமெண்ட், கம்பி, பெயிண்ட் கடை. அரசு அலுவலகம் ஒன்றில் கண்காணிப்பாளராக இருந்த ஒருவர் மாடி எடுத்துக் கட்டும்போது எங்களிடம் கணக்கு வைத்து வாங்கினார். அரசு உத்தியோகம், ஒன்றாம் தேதியானால் சம்பளம் என்ற தைரியம் எனக்கு. கிரகப்பிரவேசம் முடிந்து ஒரு வருடம் ஆகியும் கணக்கு முடியவில்லை. 2016 மார்ச்சில் பாக்கி 3,20,000 ரூபாய்க்கு 12 சதவீத வட்டியில் புரோநோட் எழுதிக் கொடுத்தார். அதற்குப் பிறகு என்னைத் தெருவில் பார்த்தால் வணக்கம் வைப்பார், அவ்வளவுதான்.

புரோநோட்டுக்கு மூன்று வருடம் ஆயுள். முடிய ஒரு மாதம் இருக்கும்போது, 2019 பிப்ரவரியில், அசலும் வட்டியுமாக 4,32,000 ரூபாய்க்கு வழக்குப் போட்டேன். கோர்ட் கட்டணம் 12,960. தமிழ்நாட்டில் 2017-இல் கட்டணத்தை 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைத்திருந்தார்கள். இல்லாவிட்டால் 32,400 கட்டியிருக்க வேண்டும். அவர் கோர்ட்டுக்கே வரவில்லை. செப்டம்பரில் எக்ஸ்பார்ட்டியாக, அதாவது எதிர்த்தரப்பு இல்லாமலே, டிக்ரி (கோர்ட்டின் தீர்ப்பாணை) ஆனது: 4,32,000, அசல் மேல் வழக்குத் தேதியிலிருந்து 6 சதவீத வட்டி, செலவுத் தொகை. அன்று வீட்டுக்கு அல்வா வாங்கிப் போனேன்.

இந்தியாவில் வழக்காடுபவனின் கஷ்டம் டிக்ரி கிடைத்த பிறகுதான் தொடங்குகிறது என்று அன்றைக்கு நமக்கு உச்ச மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் 1872-லேயே எழுதி வைத்திருக்கிறதாம். வக்கீல் சிரித்துக்கொண்டே சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

சரி, எதை ஜப்தி செய்வது? மாடி வீடு அவர் மனைவி பெயரில். நான் கொடுத்த கம்பியிலும் சிமெண்டிலும் நிற்கிற வீடு, ஆனால் தொட முடியாது. வழக்குப் போட்ட அன்றே அவர் பெயரில் என்னென்ன இருக்கிறது என்று வில்லங்கம் போட்டுப் பார்த்திருக்க வேண்டும். சொத்தை விற்றுத் தப்பிக்கப் பார்க்கிறார் என்று காட்ட முடிந்தால் தீர்ப்புக்கு முன்னாலேயே ஜப்தி கேட்கவும் வழி உண்டு. அதெல்லாம் அப்போது தெரியாது.

“அரெஸ்ட் போடலாமா சார்?” என்று கேட்டேன். கடை வீதியில் எல்லோரும் அதைத்தான் சொன்னார்கள். வக்கீல் பொறுமையாக விளக்கினார். கட்ட வசதி இல்லாதவரைக் கடனுக்காக மட்டும் சிறையில் போட முடியாது என்று ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் 1980-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வசதி இருந்தும் ஏமாற்றுகிறார் என்று நாம்தான் காட்ட வேண்டும். அப்படியே உள்ளே போனாலும் அதிகபட்சம் மூன்று மாதம். நமக்குப் பணம் வராது. கடன் மட்டும் அப்படியே நிற்கும். “மாசா மாசம் சம்பளம் வாங்குறவரை ஜெயிலுக்கு அனுப்பிட்டு நீங்க யார்கிட்ட வாங்குவீங்க?” என்றார். அதோடு சம்பள ஜப்திக்கே வந்தோம்.

2020 ஜனவரியில் மனுப் போட்டோம். பத்து நாளில் ‘ரிட்டர்ன்’ ஆகி வந்தது. இரண்டு குறைகள். ஒன்று, மனுவில் இருக்கும் கட்டங்களில் வட்டிக் கணக்கைத் தப்பாகப் போட்டிருந்தோம். அசலுக்கு மட்டும் வட்டி என்று டிக்ரியில் இருக்க, மொத்தத் தொகைக்கும் போட்டுவிட்டோம். இரண்டாவது என் தவறு. சம்பளத்தைப் பிடித்து அனுப்ப வேண்டியவர் என்று அலுவலகத் தலைவரின் பதவியைச் சொல்லிவிட்டேன். அந்த அலுவலகத்துக்குச் சம்பளப் பட்டியல் போடும் ‘பணம் பெற்று வழங்கும் அலுவலர்’ வேறு கட்டடத்தில் இருந்த வேறொரு அதிகாரி. உத்தரவு தவறான மேசைக்குப் போனால் அங்கேயே தூங்கும். ஆகவே, மனு எழுதும் முன் பட்டியல் போடுகிறவர் யார் என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். அலுவலகத்துக்கு எதிரே உள்ள டீக்கடையில் பத்து நிமிடம் நின்றால் தெரிந்துவிடும். சம்பளம் எவ்வளவு என்பதும் பரம ரகசியம் இல்லை. ஊழியர்களின் மாத ஊதியத்தை அலுவலகமே வெளியிட வேண்டும் என்று தகவல் உரிமைச் சட்டத்தின் 4-ஆவது பிரிவு சொல்கிறது. அப்படியும் கிடைக்காவிட்டால், சொத்து விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்யச் சொல்லிக் கடனாளிக்கு உத்தரவிடுமாறு கோர்ட்டையே கேட்கலாம்.

இனி கணக்குக்கு வருகிறேன். உரிமையியல் நடைமுறைச் சட்டம் 60-ஆவது பிரிவின்படி, சம்பளத்தில் முதல் 1,000 ரூபாயைத் தொடக்கூடாது. மீதியில் மூன்றில் இரண்டு பங்கையும் தொடக்கூடாது. மிச்சமிருக்கும் ஒரு பங்குதான் நமக்கு. எதிராளிக்கு, அரசு விலக்கு அறிவித்த படிகளைக் கழித்தபின், கணக்கில் வரும் சம்பளம் 52,000. அதில் ஆயிரம் போக 51,000. மூன்றில் ஒன்று 17,000. (இந்த ஆயிரம் என்ற எண் 2002-இல் வந்தது. அன்றைக்கு ஆயிரத்துக்கு ஒரு மாத மளிகை வாங்கலாம். இன்றும் அதே ஆயிரம்தான். 13,000 சம்பளக்காரரிடமும் 4,000 போய்விடும் என்று நினைத்தால், பணம் வரவேண்டிய எனக்கே கொஞ்சம் உறுத்துகிறது.) கூலித் தொழிலாளி, வீட்டு வேலை செய்பவர் ஆகியோரின் கூலியை ஜப்தி செய்யவே முடியாது. மனைவி, பிள்ளைகளுக்கான ஜீவனாம்ச டிக்ரி என்றால் கணக்கு தலைகீழ்: சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்குதான் விலக்கு.

எதிராளியின் வக்கீல் ஒரு வாதம் வைத்தார். சங்கக் கடன், பாலிசி, முன்பணத் தவணை எல்லாம் போக அவர் கையில் வாங்குவது 29,000-தான், அதில்தான் மூன்றில் ஒரு பங்கு என்று. எனக்கு வயிற்றைக் கலக்கியது. ஆனால் சட்டம் சம்பளம் என்று சொல்வது மொத்த மாத ஊதியத்தை. அவராக வாங்கிய கடன்களின் தவணையைக் கழித்துக் காட்டி என் பங்கைச் சுருக்க முடியாது என்று கோர்ட் ஏற்றுக்கொண்டது. எந்தப் படிக்கு விலக்கு, எதற்கு இல்லை என்பது மட்டும் மத்திய அரசு ஊழியரா, மாநில அரசு ஊழியரா என்பதைப் பொறுத்து மாறும். சம்பளச் சீட்டை முன்னால் வைத்துக்கொண்டு வரி வரியாகப் பார்க்க வேண்டிய விஷயம் இது.

17,000 என்றதும் மனதுக்குள் வகுத்துப் பார்த்தேன். பாக்கி ஐந்து லட்சம் சொச்சம். முப்பது மாதத்தில் முடிந்துவிடும். சந்தோஷமாக வக்கீலிடம் சொன்னேன். அவர் பேனாவை மூடி வைத்துவிட்டு, “அண்ணே, முப்பது மாசம் பிடிக்க முடியாது” என்றார்.

அன்றுதான் எனக்கு அது தெரியும். ஒரே டிக்ரிக்காகச் சம்பளம் மொத்தம் 24 மாதம் ஜப்தியில் இருந்துவிட்டால், அந்த டிக்ரிக்கு அந்தச் சம்பளத்தை மறுபடி தொடவே முடியாது. தொடர்ச்சியாக இருந்தாலும் சரி, விட்டு விட்டு இருந்தாலும் சரி, கணக்கு 24-தான். பாக்கி எவ்வளவு என்பதைச் சட்டம் பார்ப்பதில்லை; மாதத்தை மட்டும் எண்ணுகிறது. இன்னொருவர் தன் டிக்ரிக்காக வந்தாலும் 12 மாதம் காத்திருக்க வேண்டும். “கடன் வாங்கும்போதே இந்தச் சலுகை எனக்கு வேண்டாம் என்று எழுதி வாங்கிவிட்டால்?” என்று என் மைத்துனர் கேட்டார். அப்படி எழுதி வாங்கும் ஒப்பந்தம் செல்லாது என்றும் அதே பிரிவிலேயே இருக்கிறது. எல்லா வழியையும் யோசித்துத்தான் எழுதியிருக்கிறார்கள்.

அதனால் மனுப் போடும் முன் ஒரே ஒரு பெருக்கல் போட்டுவிடுங்கள்: பிடிக்கக்கூடிய தொகை இன்ட்டு 24. எனக்கு 4,08,000. கோர்ட்டில் கட்டும் பணம் முதலில் வட்டிக்கும் செலவுக்கும் போய், அப்புறம்தான் அசலுக்குப் போகும். ஆக, 24 மாதம் முழுசாகப் பிடித்தாலும் லட்சத்துக்கு மேல் நிற்கும் என்பது முதல் நாளே தெரிந்துவிட்டது. தெரிந்ததால்தான் அந்த இரண்டு வருடத்தில் வேறு சொத்து தேடினேன். தெரியாமல் இருந்திருந்தால் 25-ஆவது மாதம் கோர்ட் வாசலில் வாயைப் பிளந்துகொண்டு நின்றிருப்பேன்.

இதற்கு நடுவில் கொரோனா. மனுவைச் சரிசெய்து திரும்பக் கொடுத்து ஒரு மாதத்தில் கோர்ட்டே மூடியாயிற்று. எதிராளிக்கு அக்டோபர் 2021-இல் 58 முடிகிறது. ஓய்வு பெற்றுவிட்டால் கதை முடிந்தது. பென்ஷனைத் தொட முடியாது; கிராஜுவிட்டியையும் பி.எஃப். பணத்தையும் தொட முடியாது. நாள்காட்டியைப் பார்த்துப் பார்த்துத் தூக்கம் போனது. அப்போதுதான் 2020 மே மாதத்தில் தமிழக அரசு ஓய்வு வயதை 58-இலிருந்து 59 ஆக்கியது. 2021 பிப்ரவரியில் 60 என்று அறிவித்தார்கள். வேலைக்குக் காத்திருந்த பிள்ளைகள் எல்லாம் திட்டினார்கள், என் அக்கா மகன் உட்பட. எனக்கு மட்டும் அது தீபாவளி. வெளியே சொல்லிக்கொள்ளவில்லை.

கோர்ட் திறந்ததும் அவர் எக்ஸ்பார்ட்டி டிக்ரியை ரத்து செய்யச் சொல்லி மனுப் போட்டார். சம்மன் வரவே இல்லையாம். அவர் கையெழுத்துப் போட்டு வாங்கிய ஒப்புகை கோர்ட் கோப்பிலேயே இருந்தது. அந்த மனு தள்ளுபடியாகி, 2021 ஆகஸ்டில் ஜப்தி உத்தரவு. செப்டம்பர் சம்பளத்தில் முதல் பிடித்தம். பழைய ஓய்வு வயது இருந்திருந்தால் இரண்டு மாதம், 34,000 ரூபாயோடு முடிந்திருக்கும்.

முதல் பிடித்தம் ஆன வாரம் அவர் மனைவி கடைக்கு வந்தார். “அண்ணே, ஆபீஸ்ல எல்லாருக்கும் தெரிஞ்சு போச்சு. அவர் ரெண்டு நாளா சாப்பிடலை” என்றார். அரசு ஊழியர் தீராத கடனில் விழுவதே நடத்தை விதிகளில் குற்றமாகப் பார்க்கப்படும் விஷயம் என்று எனக்கும் தெரியும். உட்காரச் சொல்லி, தண்ணீர் கொடுத்து, கணக்கு நோட்டை எடுத்துக் காட்டினேன். எந்தத் தேதியில் எத்தனை மூட்டை, யார் இறக்கினார்கள் என்று எல்லாம் அதில் இருக்கிறது. அந்த அம்மாவுக்குப் பாக்கி இருப்பதே தெரியாது. கணவர் கட்டிவிட்டேன் என்று சொல்லியிருந்தார். பிடித்தத்தை நிறுத்தச் சொல்லி அவர் கேட்கவில்லை. நானும் பேச்சை அதற்கு மேல் வளர்க்கவில்லை. அன்று சாயந்திரம் வியாபாரத்தில் மனது ஓடவில்லை என்பதை மட்டும் சொல்கிறேன்.

உத்தரவு வாங்கியதும் காலை நீட்டிப் படுத்துவிடக் கூடாது. எட்டாவது மாதம் அவர் பக்கத்துத் தாலுகாவுக்கு மாறுதலாகிப் போனார். பழைய அலுவலகம் கொடுத்த இறுதி ஊதியச் சான்றில் கோர்ட் பிடித்தம் பற்றி ஒரு வரியும் இல்லை. அரசு ஊழியருக்கு இதில் ஒரு வசதி: சம்பளம் வழங்கும் அலுவலர் அந்தக் கோர்ட்டின் எல்லைக்கு வெளியே இருந்தாலும் உத்தரவு செல்லும். ஆனால் உத்தரவு தானாக நடந்து போகாது. நான் மனுக் கொடுத்து, கோர்ட் புது அலுவலகத்துக்கு அனுப்பி, அவர்கள் வாங்கிக்கொண்டு, அந்த மாதமும் முழுச் சம்பளத்தை அவருக்கே கொடுத்துவிட்டார்கள். வக்கீல் கோர்ட்டில் ஒரு பக்க மெமோ போட்டார். உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 21, விதி 48-இன்படி, உத்தரவு கிடைத்த பிறகும் பிடிக்காமல் கொடுத்தால் அந்தத் தொகைக்கு அரசே பொறுப்பு என்று அதில் எழுதினார். அடுத்த மாதமே விடுபட்டதும் சேர்ந்து வந்தது. எத்தனையோ தடவை நேரில் போய்க் கேட்டதைவிட இந்த ஒரு வரி வேலை செய்தது.

ஒருவர் சம்பளம் ஏற்கெனவே வேறொரு கோர்ட் உத்தரவில் முழு அளவுக்குப் பிடிபட்டுக்கொண்டிருந்தால், நம் உத்தரவை விவரத்தோடு திருப்பி அனுப்பிவிடுவார்கள். என் எதிராளிக்கு ஃபைனான்ஸ்காரர் ஒருவரும் டிக்ரி வைத்திருந்தார் என்பது பின்னால் தெரிந்தது. நான் ஆறு மாதம் சோம்பியிருந்தால் வரிசையில் அவர் முந்தியிருப்பார்.

தனியார் கம்பெனி ஊழியர் என்றால் நிலைமை வேறு. என் சித்தப்பா மகன் பட்டுத் தெரிந்துகொண்டான். தனியாருக்கு விதி 48ஏ. அங்கே சம்பளம் வழங்குபவர் அந்தக் கோர்ட்டின் எல்லைக்குள் இருக்க வேண்டும். டிக்ரி எங்கள் ஊர் கோர்ட்டில், கம்பெனி சென்னையில். டிக்ரியைச் சென்னைக் கோர்ட்டுக்கு மாற்றி, அங்கே ஒரு வக்கீலைப் பிடித்து, மனுப் போட்டு முடிப்பதற்குள் ‘வேலையை விட்டு விலகிவிட்டார்’ என்று கம்பெனியிலிருந்து பதில் வந்தது. தனியார் வேலையில் இருப்பவருக்குக் கடன் கொடுத்தவர்கள் சம்பளத்தை மட்டும் நம்பாமல் இருப்பது நல்லது.

பிடித்த பணம் நேராக நம் கைக்கு வரும் என்று நினைத்தீர்களா? நானும் அப்படித்தான் நினைத்தேன். அது கோர்ட் டெபாசிட்டில் போய் உட்காரும். எடுக்கத் தனியாக மனு. எங்கள் பக்கம் அதற்குச் செக் பெட்டிஷன் என்று பெயர். முதல் தடவை ஏழு மாதம் சேர்ந்தபின் போட்டு, கைக்கு வர இன்னும் மூன்று மாதம் ஆனது. ஒரு மாதப் பணம் வேறு வழக்கு எண்ணில் வரவு வைக்கப்பட்டிருந்தது. அதைத் தேடிப் பிடிக்கவே நான்கு நடை. அதற்குப் பிறகு மாதா மாதம் எவ்வளவு வந்தது, எந்தத் தேதி, என்ன சலான் எண் என்று கடைக் கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில் எழுதி வந்தேன். வாய்தா தேதிக்கு வக்கீல் ஆபீசுக்கு ஓட வேண்டியதில்லை. ஒவ்வொரு வழக்குக்கும் தனியாகத் தரும் 16 எழுத்து கொண்ட சி.என்.ஆர். எண் கையில் இருந்தால் இ-கோர்ட்ஸ் செயலியிலேயே பார்த்துவிடலாம்.

2023 ஆகஸ்டோடு 24 மாதம் முடிந்தது. அக்டோபரில் அவர் ஓய்வு பெற்றார். கணக்குப் போட்டால் பாக்கி ஏறக்குறைய 1,35,000.

அதற்குள் நான் வில்லங்கச் சான்று போட்டுத் தேடியதில், ஊருக்கு வெளியே அவர் பெயரில் 1,200 சதுர அடி மனை ஒன்று அகப்பட்டிருந்தது. டிக்ரிக்கு 12 வருடம் உயிர் உண்டு, அவசரம் இல்லை. ஆனாலும் மனையை விற்றுவிட்டால்? 2024 தொடக்கத்தில் அதன் மேல் புது மனுப் போட்டோம். ஜப்தி உத்தரவோடு கோர்ட் ஊழியரான அமீனா போனார். தமுக்கு அடித்துத் தெரியப்படுத்தும் பழைய வழக்கம் இன்னும் விதியில் இருக்கிறது, அடித்தார்கள். அந்தச் சத்தம் நான்கு தெரு தள்ளி அவர் வீட்டுக்கும் கேட்டிருக்கும். பத்தே நாளில் அவர் வக்கீல் பேச வந்தார். மொத்தம் 1,38,000, மூன்று தவணை என்று முடிவானது.

முதல் தவணை 46,000-ஐக் கடையிலேயே கொண்டு வந்து கொடுத்தார். நானும் வாங்கிப் பெட்டியில் போட்டேன். வக்கீல் கேட்டதும் கோபப்பட்டார். கோர்ட்டுக்கு வெளியே வாங்கும் பணத்தைக் கோர்ட்டில் பதிவு செய்யாவிட்டால், நிறைவேற்றும் கோர்ட் அதைக் கணக்கில் எடுக்காது. பணம் கொடுத்தவரும் மாட்டுவார், வாங்கியதை மறைத்ததாக என் மேலும் வரும். அன்றே மெமோ போட்டு எழுத வைத்தார். மற்ற இரண்டு தவணையும் அப்படியே.

மூன்றாவது தவணை கொண்டு வந்த அன்று, மனையின் மேலிருக்கும் ஜப்தியை நீக்கும் உத்தரவு சார்பதிவாளர் அலுவலகத்துக்கும் போக வேண்டும், இல்லாவிட்டால் வில்லங்கத்தில் நிற்கும் என்று அவரே சொன்னார். வக்கீலிடம் சொல்லி அனுப்பி வைக்கிறேன் என்றேன். எழுந்து போகாமல் நின்றார்.

“ரசீது?” என்றார்.

கடையின் பில் புத்தகத்திலேயே எழுதி, ஒரு ரூபாய் ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டி, அதன் மேல் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.